போன் ஆப் லேப்டாப்பில் ஓடுமா? ஓடும்... ஆனால் கடலுக்குப் போகும்போது கையில் போன்தான்!

கோவளம், மாமல்லபுரம், கொக்கிலமேடு, சதுரங்கப்பட்டினம் என்று நீளும் கடலோரக் குப்பங்களில், தொழிலுக்குக் கிளம்பும்முன் வானத்தைப் பார்ப்பதோடு போனையும் பார்ப்பது இப்போது வழக்கம். எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கிய ‘ஃபிஷர் ஃப்ரெண்ட்’ ஆப்பில் அலை உயரம், காற்றின் வேகம், மீன் கிடைக்க வாய்ப்புள்ள பகுதி எல்லாம் தமிழிலேயே கிடைக்கிறது. கடல் நிலவரம் வருவது ஹைதராபாத்தில் இருக்கும் ‘இன்காய்ஸ்’ மையத்திலிருந்து.

சிக்கல் திரையில்தான். ஆறு அங்குலத்துக்குள் இருக்கும் வரைபடத்தை, வயதான அப்பா கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்க்க வேண்டியிருக்கிறது. அதே வீட்டில் பிள்ளையின் லேப்டாப் சும்மா இருக்கும். அதில் இந்த ஆப்பைத் திறக்க முடியாதா?

லேப்டாப்பில் லினக்ஸ் இருந்தால் அதற்கு இலவச வழி இருக்கிறது. பெயர், ‘வேடிராய்டு’.

ஒரே பாறை, பல ரதங்கள்

போன் ஆப்பை கம்ப்யூட்டரில் ஓட்டப் பலருக்கும் தெரிந்த வழி, ப்ளூஸ்டாக்ஸ் போன்ற எமுலேட்டர்கள். இவை கம்ப்யூட்டருக்குள் இன்னொரு முழு மெஷின் இருப்பதுபோல் ஒரு பாவனையை உருவாக்கி, அதன்மேல் ஆண்ட்ராய்டை ஏற்றுகின்றன. அதனால் ரேம் நிறைய வேண்டும். பழைய லேப்டாப் என்றால் திணறிவிடும்.

வேடிராய்டு செய்வது வேறு. மாமல்லபுரம் பஞ்ச ரதங்களை நினைத்துக்கொள்ளுங்கள். கல்லை அடுக்கிக் கட்டியவை அல்ல, ஏற்கெனவே அங்கே கிடந்த பாறையைச் செதுக்கியவை. மேலே தனித்தனி ரதங்கள், அடியில் அதே பாறை. ஆண்ட்ராய்டுக்கும் லினக்ஸுக்கும் அப்படியொரு பொதுப் பாறை உண்டு. அதுதான் ‘கெர்னல்’ எனப்படும் அடித்தளம். ஆண்ட்ராய்டே லினக்ஸ் கெர்னல் மீதுதான் எழுப்பப்பட்டது. அப்படியிருக்க, லினக்ஸ் லேப்டாப்பில் இன்னொரு அடித்தளம் எதற்கு? ஆண்ட்ராய்டின் மேல்பகுதியை மட்டும் ஒரு தனி அறையில் வைத்து, இருக்கும் கெர்னலையே பயன்படுத்தச் சொன்னால் போதும். அந்தத் தனி அறைதான் ‘கன்டெய்னர்’.

இந்த யோசனையோடு ‘ஆன்பாக்ஸ்’ 2017-ல் வந்தது. 2021-ல் வந்த வேடிராய்டு அதைவிட வேகமாக ஓடியது. ஆன்பாக்ஸ் பிறகு கைவிடப்பட்டது. விண்டோஸ் 11-ல் மைக்ரோசாஃப்ட் கொடுத்த ஆண்ட்ராய்டு வசதியும் (அது கன்டெய்னர் அல்ல, மெய்நிகர் மெஷின்) 2025 மார்ச் 5-ஆம் தேதியோடு நின்றுவிட்டது. எனவே விண்டோஸ்காரர்களுக்கு இப்போதைக்கு எமுலேட்டர்தான்.

உங்கள் லேப்டாப்பில் ஓடுமா?

லினக்ஸ் நமக்கு ஒன்றும் அந்நியமல்ல. 2011-ல் தமிழக அரசு விலையில்லா மடிக்கணினி கொடுக்கத் தொடங்கியபோது, விண்டோஸோடு ‘பாஸ்’ லினக்ஸும் இருந்தது. சென்னை சி-டாக் உருவாக்கியது அது. பெரும்பாலான வீடுகளில் அந்தப் பக்கம் யாரும் எட்டிப் பார்த்திருக்க மாட்டார்கள் என்பது வேறு விஷயம்!

வேடிராய்டு ஓட, திரையைக் கையாளும் ‘வேலண்டு’ என்ற முறை தேவை. உபுண்டுவில் லாக்இன் திரையின் ஓரத்தில் இருக்கும் பல்சக்கரத்தை அழுத்தினால் எதில் நுழைகிறீர்கள் என்று தெரியும். 4 ஜிபிக்குக் குறைவான ரேம் என்றால் முயல வேண்டாம். என்விடியா கிராஃபிக்ஸ் உள்ள லேப்டாப்பிலும் தகராறு செய்யும். நிறுவியதும் முதல்முறை ஆண்ட்ராய்டு கோப்புகள் டவுன்லோடாகும். பெரிய கோப்புகள் என்பதால் மொபைல் டேட்டாவில் தொடங்காதீர்கள்.

எல்லா ஆப்பும் ஓடாது என்பதும் உண்மை. போனில் இருப்பது ஆர்ம் வகை சிப், லேப்டாப்பில் பெரும்பாலும் இன்டெல் அல்லது ஏஎம்டி. ஆர்ம் சிப்புக்கென்றே எழுதப்பட்ட ஆப்களுக்கு இடையில் ஒரு மொழிபெயர்ப்பு அடுக்கைத் தனியாகச் சேர்க்க வேண்டும். விளையாட்டுகள் பலவும் இங்கேதான் மாட்டிக்கொள்ளும்.

எதைச் செய்யக் கூடாது?

கன்டெய்னர் கெர்னலைக் கடன் கொடுக்கும், ஜிபிஎஸ்ஸைக் கொடுக்காது. பெரும்பாலான லேப்டாப்களில் அந்தக் கருவியே கிடையாது. ஃபிஷர் ஃப்ரெண்டில் கடல் எல்லையை நெருங்கினால் எச்சரிக்கும் வசதி உண்டு. அது படகு இருக்கும் இடத்தை ஜிபிஎஸ் வழியாக அறிந்து வேலை செய்வது. லேப்டாப்பில் ஆப் திறந்துவிட்டதே என்று அந்த வசதியை நம்பிவிடக் கூடாது. கரையில் நாலு பேர் சேர்ந்து அலை நிலவரம் பார்க்க லேப்டாப், கடலில் போன். இந்தப் பிரிவினையில் குழப்பமே வேண்டாம்.

சிம் கார்டும் இல்லை. யுபிஐ ஆப்கள் உங்கள் எண் அந்தக் கருவியில்தான் இருக்கிறதா என்று சரிபார்ப்பவை. வங்கி ஆப்கள் பலவும் இதை முறையான போன் இல்லை என்று கண்டுபிடித்து மறுத்துவிடும். அதை ஏமாற்ற வழி சொல்லும் வீடியோக்களைப் பின்பற்றிப் பணத்தை ஆபத்தில் வைக்காதீர்கள். கெர்னல் பொதுவானது என்பதால், எமுலேட்டரைவிடக் கன்டெய்னரின் சுவர் மெல்லியது. ஊர்பேர் தெரியாத தளங்களிலிருந்து எடுத்த ஆப்களை இதற்குள் போடுவது லேப்டாப்புக்கே வினையாகலாம்.

இத்தனை சிரமமும் வேண்டாம் என்பவர்களுக்கு ஒரு குறுக்குவழி. இன்காய்ஸின் இணையதளத்தை எந்த லேப்டாப் பிரவுசரிலும் திறக்கலாம். அலை, காற்று, மீன் கிடைக்கும் பகுதி எல்லாம் அங்கேயும் உண்டு. மீன்பிடித் தடைக்காலத்திலும், கடல் சீற்றமாக இருக்கும் நாள்களிலும் மீன் கிடைக்கும் பகுதிக்கான அறிவிப்பு வராது. நம் கரையில் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை. அப்போது அந்தப் பக்கம் காலியாக இருந்தால், பாவம், வேடிராய்டைத் திட்ட வேண்டாம்.