குதிரைக்காரர் வாங்கிய ஆஸ்கர்

'கௌபாய்' படம் பார்த்திருக்கிறீர்களா? அத்தகைய படங்களில் துணை வேடங்களில் நடித்துப் பெயர் பெற்றவர் பென் ஜான்சன். நிஜ வாழ்விலும் அவர் கௌபாய்தான்!

1918ல் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில் பிறந்தார். தந்தை மாட்டுப் பண்ணைக்காரர். குதிரை ஏறுவதும், கயிறு வீசி மாட்டைப் பிடிப்பதும் பென்னுக்குச் சிறு வயதிலேயே அத்துப்படி. ஒரு படத்துக்காக வாங்கிய குதிரைகளுடன் ஹாலிவுட் வந்தவர், நடிகர்களுக்கு 'டூப்' போட ஆரம்பித்தார்.

1948ல் வெளியான 'போர்ட் அப்பாச்சி' படப்பிடிப்பின்போது, ஆட்கள் இருந்த வண்டியுடன் குதிரைகள் மிரண்டு ஓடின. பென் தன் குதிரையில் விரட்டிச் சென்று வண்டியை நிறுத்தினார். இயக்குநர் ஜான் போர்டு மகிழ்ந்து, அவரை நடிகராக்கினார்.

1953ல் நடிப்பை விட்டுவிட்டு, இருவர் சேர்ந்து கயிறு வீசி மாடு பிடிக்கும் போட்டிகளில் இறங்கினார். உலக சாம்பியன் பட்டம் கிடைத்தது, பணம்தான் மிஞ்சவில்லை! மறுபடியும் நடிக்க வந்தார்.

'தி லாஸ்ட் பிக்சர் ஷோ' படத்தில், சிற்றூரில் சினிமா கொட்டகை நடத்தும் பெரியவர் வேடம் தேடி வந்தது. வசனத்தில் கெட்ட வார்த்தைகள் அதிகம் என்று மறுத்துவிட்டார் பென். இயக்குநர் விடவில்லை. தன் வசனங்களில் அவற்றைக் குறைத்துக்கொண்ட பிறகே நடித்தார். அந்த வேடத்துக்குத்தான் 1972ல் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் விருது கிடைத்தது!

1996ல் பென் காலமானார். பண்ணையில் கற்ற வேலை அவருக்குச் சோறு போட்டது. வேண்டாததை வேண்டாம் என்று சொன்ன உறுதி பெருமை சேர்த்தது.