குடிநோயும் செவிலியரின் கேள்வியும்: ‘நீங்கள்’ என்று தொடங்கும் சிகிச்சை

‘இப்படியே குடிச்சா செத்துப் போயிடுவ.’ அரசு மருத்துவமனையின் புறநோயாளிகள் பிரிவில் குடிப்பழக்கம் உள்ளவருக்குக் கிடைக்கும் ஆலோசனை பல நேரங்களில் இந்த ஒரு வரியோடு முடிந்துவிடுகிறது. சொல்பவருக்குத் தீய எண்ணம் எதுவும் இல்லை. கேட்பவர் தலையாட்டிவிட்டுப் போகிறார். அடுத்த முறை வருவதில்லை.

இந்த உரையாடலை வேறுவிதமாக நடத்தும் முறை ஒன்று செவிலியர் பணியில் உலகெங்கும் பரவிவருகிறது. தமிழில் ‘ஊக்கமூட்டும் நேர்காணல்’ எனலாம். பெயர்தான் சற்றுக் குழப்புகிறது. இது மேடையில் உற்சாகமூட்டும் பேச்சும் அல்ல, வேலைக்கான நேர்காணலும் அல்ல. அமெரிக்க உளவியலாளர் வில்லியம் மில்லர், குடிநோயாளிகளோடு பணியாற்றுவது பற்றி 1983இல் எழுதிய கட்டுரையில் இதனை முன்வைத்தார். 1991இல் ஸ்டீபன் ரோல்னிக்குடன் இணைந்து நூலாக விரித்தார். குடிநோயாளியை எதிர்த்துப் பேசி, கூச வைத்து, ‘ஒப்புக்கொள்’ என்று நெருக்குவது அமெரிக்கச் சிகிச்சை மையங்களில் செல்வாக்குப் பெற்றிருந்த காலம் அது. மில்லர் கண்டது எளிமையானது. குடியை விடவும் வேண்டும், விடவும் முடியவில்லை என்ற இரண்டு குரல்கள் நோயாளிக்குள்ளேயே இருக்கின்றன. முதல் குரலைச் செவிலியர் எடுத்துக்கொண்டால், இரண்டாவது குரலில் வாதாடுவதைத் தவிர நோயாளிக்கு வழியில்லை.

எடுத்துக்காட்டாக, ஒருவர் சொல்கிறார்: ‘புள்ளைங்க முன்னாடி தள்ளாடிட்டு நிக்கிறது அசிங்கமா இருக்கு. ஆனா குடிக்காம வேலைக்குப் போக முடியல.’ கண்டிக்கும் செவிலியர் இரண்டாம் வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டு சண்டையிடுவார். பயிற்சி பெற்றவர் முதல் வாக்கியத்தை அவரிடமே திருப்பித் தருவார்: ‘பிள்ளைங்க உங்களை எப்படிப் பார்க்கிறாங்கங்கிறது உங்களுக்கு ரொம்ப முக்கியம்.’ பிறகு பேசாமல் காத்திருப்பார். ‘குடியைக் குறைப்பது உங்களுக்கு எவ்வளவு முக்கியம், 0 முதல் 10க்குள் சொல்லுங்கள்’ என்று கேட்பதும் உண்டு. அவர் 4 என்றால், ‘ஏன் 8 இல்லை?’ என்று கேட்கக் கூடாது. ‘ஏன் 1 என்று சொல்லவில்லை?’ என்றே கேட்க வேண்டும். முதல் கேள்விக்குச் சாக்குகள்தான் பதிலாக வரும். இரண்டாவதற்கு, மாறுவதற்கான காரணங்களை அவர் வாயே சொல்லும். மருத்துவத் தகவலையும் அனுமதி கேட்டே தர வேண்டும். இதில் ஒன்றை விடாமல் சொல்லியாக வேண்டும்: நெடுநாள் மிகுதியாகக் குடிப்பவர் திடீரென நிறுத்தினால் வலிப்பு வரலாம், உயிருக்கே ஆபத்தாகலாம். ‘நாளையே நிறுத்து’ என்ற அதட்டல் மருத்துவரீதியாகவும் தவறு.

மில்லரின் ஆங்கிலத்தில் முன்னிலைச் சொல் ஒன்றுதான். தமிழில் ‘நீ’யும் ‘நீங்க’ளும் இருக்கின்றன, யாருக்கு எது என்பதைச் சாதியும் உடையும் தொழிலும் பல நேரம் தீர்மானிக்கின்றன. ஐம்பது வயதுத் தூய்மைப் பணியாளரை இருபத்தைந்து வயதுச் செவிலியர் ‘வா, உட்காரு’ என்று ஒருமையில் அழைத்தபின், எத்தனை நுட்பமான கேள்வி கேட்டாலும் உண்மை வெளிவராது. ஆகவே இங்கே இந்தப் பயிற்சி பிரதிப்பெயரிலிருந்தே தொடங்க வேண்டும் என்பது என் கருத்து.

இந்த முறைக்கு ஓர் எல்லையும் உண்டு. ‘குடி உங்களுக்கு எதுக்கு உதவுது?’ என்று உண்மையாகவே கேட்டால், மலக்குழிக்குள் இறங்குபவர் ‘நாத்தம் தெரியாம இருக்கத்தான்’ என்பார். இந்தப் பதிலின் காரணம் அவருடைய மனத்தில் இல்லை. அவரை அந்தக் குழிக்கு அனுப்பியவரிடம் இருக்கிறது. பாதுகாப்பின்றி ஒருவரைக் கழிவுநீர்த் தொட்டிக்குள் இறக்குவதை 2013ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் இத்தகைய மரணங்களுக்கான இழப்பீட்டை 10 லட்சம் ரூபாயிலிருந்து 30 லட்சமாக உயர்த்தியது. இவ்வளவுக்குப் பிறகும் வேலை அப்படியே இருக்க, தொழிலாளியின் மன உறுதியை மட்டும் வளர்க்க முனைந்தால், அது குற்றத்தைப் பாதிக்கப்பட்டவர் தலையில் கட்டும் இன்னொரு வழியாகிவிடும்.

நல்ல செவிலியர் இங்கே செய்யக்கூடியது ஒன்று உண்டு: கேட்டதை எழுதுவது. நோயாளிக் குறிப்பேட்டில் ‘குடிப்பழக்கம் உண்டு’ என்ற வரி மட்டும் இருந்தால், நாளை அவர் குழிக்குள் இறந்துபோகும்போது ‘போதையில் இறங்கினார்’ என்று வாதிட எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கு அது போதும். ‘கழிவுநீர்க் குழியில் இறங்கும் வேலை, நாற்றத்தைத் தாங்கக் குடிப்பதாகக் கூறுகிறார்’ என்று எழுதப்பட்டிருந்தால், அதே குறிப்பேடு அவர் குடும்பத்துக்குச் சான்றாகும்.

சட்டமும் இதற்குத் துணை நிற்கிறது. 2017ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம், மதுவோடு தொடர்புடைய மனநிலைக் கோளாறுகளையும் மனநோய் என்ற வரையறைக்குள் சேர்த்துள்ளது. பிரிவு 20 அவர்களுக்குக் கண்ணியத்தோடு வாழும் உரிமையை அளிக்கிறது. பிரிவு 21 சிகிச்சையில் பாகுபாட்டைத் தடை செய்யும்போது சாதியை வெளிப்படையாகவே குறிப்பிடுகிறது. ஒருமையில் திட்டப்பட்டவர் இந்தப் பிரிவுகளைச் சுட்டிப் புகார் எழுதலாம். தம் மருத்துவப் பதிவேட்டின் நகலை அவர் கேட்டால், 2002ஆம் ஆண்டு மருத்துவ நெறிமுறை விதிகளின்படி 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும். பணியிட விபத்து வழக்கு எதையும் கையில் எடுக்கும் தோழர்கள் முதலில் அந்த நகலுக்கு விண்ணப்பியுங்கள். தொழில் என்ற இடத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.