அடி வாங்கினால் வலு வருமா?

‘அடியாத மாடு படியாது’ என்பது நம் ஊரில் தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகளுக்கும் சேர்த்துச் சொல்லப்பட்ட பழமொழி. கஷ்டப்பட்டால்தான் ஆள் தேறுவான் என்ற நம்பிக்கையும் அதன் கூடவே வளர்ந்தது. கஷ்டத்தில் அடிபட்டு நிமிர்ந்தவர்கள் எல்லாக் குடும்பத்திலும் உண்டு என்பது உண்மை. அதே கஷ்டத்தில் ஒடுங்கிப்போய், பிறகு நல்ல காலம் வந்தபோதும் எழாதவர்கள் அதே குடும்பத்திலேயே இருக்கிறார்கள் என்பதும் உண்மை. ஒரே துன்பம் ஒருவரை உறுதியாக்கி, இன்னொருவரை ஏன் முடக்குகிறது? இந்தக் கேள்விக்கு மூளைக்குள்ளிருந்து ஒரு பதில் வர ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் ஆயின. அந்தப் பதிலைக் கண்டுபிடித்தவர்களே தங்கள் முதல் விளக்கத்தைத் தலைகீழாகத் திருப்ப வேண்டியிருந்தது.

1960-களில் அமெரிக்காவின் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மார்ட்டின் செலிக்மன், ஸ்டீவன் மேயர் என்ற இரண்டு இளம் ஆய்வாளர்கள் நாய்களை வைத்து ஒரு பரிசோதனை செய்தார்கள். இன்று படித்தால் மனம் சங்கடப்படும் பரிசோதனை அது. நாய்களை மூன்று குழுக்களாகப் பிரித்தார்கள். முதல் குழு நாய்களுக்கு மின்னதிர்ச்சி வரும். தலையருகே உள்ள பலகையைத் தலையால் அழுத்தினால் நின்றுவிடும். இரண்டாம் குழு நாய்களுக்கும் அதிர்ச்சி வரும். முதல் குழுவுக்கு எவ்வளவு நேரம் நீடித்ததோ அதே அளவு நேரம் இவற்றுக்கும் நீடிக்கும். இவை என்ன செய்தாலும் பயனில்லை. மூன்றாம் குழுவுக்கு அதிர்ச்சியே கிடையாது.

முதல் இரண்டு குழுக்களுக்கும் வலி ஒரே அளவு, ஒரே நேரம் என்பதுதான் இந்த ஏற்பாட்டின் நுட்பம். தன்னால் அதை நிறுத்த முடிந்ததா என்பது மட்டுமே வேறுபாடு.

மறுநாள் எல்லா நாய்களையும் நடுவில் தாழ்வான தடுப்பு வைத்த பெட்டியில் விட்டார்கள். தடுப்பைத் தாண்டினால் அதிர்ச்சியிலிருந்து தப்பலாம். முதல் குழுவும் மூன்றாம் குழுவும் சீக்கிரமே தாண்டக் கற்றுக்கொண்டன. இரண்டாம் குழுவில் பெரும்பாலான நாய்கள் முயற்சியே செய்யாமல் முனகியபடி படுத்துவிட்டன. 1967-ல் இது வெளியானது. ‘என்ன செய்தாலும் ஒன்றும் ஆகாது’ என்று அந்த நாய்கள் கற்றுக்கொண்டுவிட்டன என்பது ஆய்வாளர்களின் விளக்கம். ‘கற்றுக்கொண்ட கையறுநிலை’ என்று அதற்குப் பெயர் வந்தது. 1974-ல் டொனால்ட் ஹிரோட்டோ என்ற உளவியலாளர் மின்னதிர்ச்சிக்குப் பதில் காதைத் துளைக்கும் சத்தத்தை வைத்து மனிதர்களிடம் இதையே சோதித்தார். நிறுத்த முடியாத சத்தத்தைக் கேட்டவர்களில் பலர், பிறகு நிறுத்த வழி இருந்தபோதும் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். மனச்சோர்வைப் புரிந்துகொள்ள இதுவே ஒரு சாவி என்று செலிக்மன் கருதினார்.

மேயருக்கு இது போதவில்லை. மூளைக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்க நரம்பியல் பக்கம் திரும்பினார். கொலராடோ பல்கலைக்கழகத்தில் எலிகளை வைத்துப் பல ஆண்டுகள் ஆய்வு செய்தார். அங்கே பலகைக்குப் பதில் ஒரு சின்னச் சக்கரம். ஓர் எலி அதைச் சுழற்றினால் அதற்கும் அதோடு இணைக்கப்பட்ட இன்னோர் எலிக்கும் அதிர்ச்சி நிற்கும்.

மூளைத்தண்டில் ‘டார்சல் ராஃபே’ என்று ஒரு சிறு நரம்புத் தொகுதி இருக்கிறது. நீடித்த துன்பம் வரும்போது அது விழித்துக்கொண்டு செரோட்டோனின் என்ற வேதிப்பொருளை மூளையெங்கும் அனுப்புகிறது. அதன் விளைவாக அச்சம் கூடுகிறது. தப்பிக்கும் முயற்சி அடங்குகிறது. ‘நம்மால் முடியாது’ என்பதை எலி உணர்ந்த பிறகே இது விழிக்கும் என்றுதான் முதலில் நினைத்தார்கள். ஆனால், தன்னால் முடியுமா முடியாதா என்று அறியும் வசதியே அந்தத் தொகுதிக்கு இல்லை. துன்பம் நீடித்தால் அது தானாகவே விழிக்கும். முடங்கிப்போவதை யாரும் கற்க வேண்டியதில்லை. அது பிறப்பிலேயே உடன் வந்த இயல்பு.

அப்படியென்றால் சக்கரத்தைச் சுழற்றிய எலி மட்டும் முடங்காமல் இருந்தது எப்படி? நெற்றிக்குப் பின்னால் உள்ள முன்மூளையின் நடுப்பகுதி, ‘நான் செய்ததால் இது நின்றது’ என்பதைக் கண்டுகொள்கிறது. கண்டுகொண்டதும் மூளைத்தண்டுக்குச் செய்தி அனுப்பி, பிரேக் போட்டதுபோல அந்தத் தொகுதியை அடக்குகிறது. 2005-ல் மேயரின் குழு இதை நேரடியாகச் சோதித்தது. மருந்து செலுத்தி முன்மூளையின் அந்தப் பகுதியைத் தற்காலிகமாகச் செயலிழக்கச் செய்தார்கள். எலி வழக்கம்போலவே சக்கரத்தைச் சுழற்றியது, அதிர்ச்சியை நிறுத்தியது. ஆனாலும் மறுநாள், எதுவுமே செய்ய முடியாத எலியைப் போல முடங்கிவிட்டது. அது வென்றிருந்தது, வென்றதை அதன் மூளை பதிவு செய்யவில்லை. பின்னர் இதற்கு நேர்மாறாகவும் செய்து பார்த்தார்கள். கையில் எந்த வழியும் இல்லாத எலிக்கு அதே பகுதியை மருந்தால் தூண்டியபோது, அது முடங்காமல் தப்பியது.

2016-ல் செலிக்மனும் மேயரும் மீண்டும் சேர்ந்து ஒரு கட்டுரை எழுதினார்கள். கையறுநிலை கற்றுக்கொள்ளப்படுவதில்லை, கற்றுக்கொள்ளப்படுவது ‘என்னால் ஏதோ செய்ய முடிகிறது’ என்பதே என்று தங்கள் பழைய கொள்கையை அவர்களே திருத்திக்கொண்டார்கள்.

இந்தப் பாடம் ஒரு நாளோடு போவதில்லை. முன்பு ஒருமுறை அதிர்ச்சியை நிறுத்தத் தெரிந்துகொண்ட எலிக்குப் பிறகு நிறுத்தவே முடியாத அதிர்ச்சி வந்தாலும் அது முடங்குவதில்லை. சக்கரம் இல்லாதபோதும் முன்மூளை பழைய பழக்கத்தில் பிரேக்கைப் போடுகிறது. முரட்டு எலியிடம் தோற்றுப்போவது போன்ற முற்றிலும் வேறு வகைத் துன்பத்திலும் இந்தப் பாதுகாப்பு வேலை செய்தது. அனுபவசாலி என்று நாம் சொல்பவரிடம் இருப்பது இதைப் போன்ற ஒன்றாக இருக்கலாம்.

எல்லாவற்றையும் எலியிலிருந்து மனிதருக்கு அப்படியே பொருத்திவிட முடியாது. இந்த ஆய்வுகளில் பெரும்பாலானவை ஆண் எலிகளில் நடந்தவை. பெண் எலிகளில் சோதித்தபோது சக்கரம் அதே பாதுகாப்பைத் தரவில்லை. ஆனால் கையில் ஒரு வழி இருப்பதன் பலன் மனிதர்களிடமும் தெரிகிறது. டேவிட் கிளாஸ், ஜெரோம் சிங்கர் என்ற அமெரிக்க உளவியலாளர்கள் நகரச் சத்தத்தைப் பற்றி நடத்திய ஆய்வை 1972-ல் நூலாக வெளியிட்டார்கள். திடீர் திடீரென்று வரும் சத்தத்துக்கு நடுவே மக்களுக்கு வேலை கொடுத்தார்கள். சிலரிடம் மட்டும், ‘தாங்க முடியாவிட்டால் இந்தப் பொத்தானை அழுத்துங்கள், ஆனால் அழுத்தாமல் இருந்தால் நல்லது’ என்றார்கள். பெரும்பாலும் யாரும் அழுத்தவில்லை. சத்தம் எல்லோருக்கும் ஒன்றுதான். பிறகு கொடுத்த கடினமான புதிர்களில், பொத்தான் இருந்தவர்களே நீண்ட நேரம் விடாமல் முயன்றார்கள். பிழை திருத்தும் வேலையில் அவர்கள் விட்ட பிழைகளும் குறைவு.

இப்போது அந்தப் பழமொழிக்கு வருவோம். அடித்தால் மாடு படியும் என்பது உண்மைதான். ஆனால் படிவது என்பது இரண்டாம் குழு நாய் படுத்துக்கொண்டதற்கு மிக அருகில் இருக்கிறது. எதற்கு அடி விழுகிறது, எப்போது நிற்கும் என்று தெரியாத பிள்ளை அடங்கிப்போவதை உறுதி வந்ததாக நாம் எடுத்துக்கொள்கிறோம். கணக்கில் தோற்ற பிள்ளையிடம், எந்தப் பாடத்திலிருந்து மறுபடி தொடங்கலாம் என்று கேட்டு, அதன்படி நடந்து, கிடைத்த ஐந்து மதிப்பெண் உயர்வு அதன் உழைப்பால் வந்தது என்று சுட்டிக்காட்டுவது வேறு விதம். இங்கும் கஷ்டம் இருக்கிறது. அந்தக் கஷ்டத்தில் பிள்ளையின் கைக்கும் ஒரு வேலை இருக்கிறது.

மனச்சோர்வுக்கான சிகிச்சைகளில் ஒன்று, உற்சாகம் வரும்வரை காத்திராமல் சின்னச் சின்னச் செயல்களை நேரம் குறித்துச் செய்யச் சொல்வதும், செய்தபின் மனம் எப்படி மாறியது என்று குறித்துக்கொள்ளச் சொல்வதும்தான். பேரிடர்களில் சிக்கியவர்களுக்கு உதவுவது பற்றி ஸ்டீவன் ஹாப்ஃபால் உள்ளிட்ட வல்லுநர்கள் 2007-ல் வகுத்த ஐந்து அடிப்படைகளில், பாதுகாப்பு உணர்வு, அமைதி, பிறரோடு பிணைப்பு, நம்பிக்கை ஆகியவற்றோடு ‘நம்மால் முடியும்’ என்ற உணர்வும் ஒன்று. புயலில் வீடு இழந்தவர்களை முகாமில் வரிசையில் உட்காரவைத்துப் பொட்டலம் கொடுப்பதை விட, அடுப்பையும் அரிசியையும் கொடுத்து அவர்களே சமைக்க விடுவது ஏன் நல்லது என்பதற்கு இதுவே காரணம்.

மன உறுதியை ஒருவரின் பிறவிக் குணமாகப் பார்த்தே நாம் பழகிவிட்டோம். அதனால், நொந்து கிடப்பவரிடம் ‘தைரியமாக இரு’ என்று சொல்லிவிட்டு நகர்கிறோம். அவருடைய மூளைக்கு வேண்டியது அறிவுரையைவிட ஆதாரம்: தான் செய்த ஒரு காரியத்தால் ஏதோ ஒன்று மாறியது என்ற ஆதாரம். அதற்கு அவர் கையில் முதலில் ஒரு சக்கரம் இருக்க வேண்டும். கடனும் நோயும் அதிகாரியின் மேஜையும் அதைப் பிடுங்கி வைத்திருந்தால், அதைத் திரும்பக் கொடுப்பது சுற்றி இருப்பவர்களின் வேலை.