நிலமும் வழக்கும் – 14: அன்றைக்கு யார் கையில் இருந்தது?

விருத்தாசலம் செராமிக் பேட்டைப் பக்கம் ஒரு தகரக் கொட்டகை, உள்ளே பொம்மை சுடும் சூளை என்று வைத்துக்கொள்வோம். தொழில் நடத்துவது அண்ணன், பட்டா தம்பி பெயரில். ஒருநாள் காலையில் வேறு பூட்டு தொங்குகிறது. கைகலப்பு, ஸ்டேஷன். “இது சிவில் மேட்டர், ஆர்.டி.ஓ.வைப் பாருங்க” என்று அனுப்பிவிடுவார்கள்.

கோட்டாட்சியர் நிர்வாக நடுவராக உட்கார்ந்து விசாரிப்பது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145ஆம் பிரிவில். 2024 ஜூலை 1 முதல் அதுவே புதிய சட்டத்தின் 164ஆம் பிரிவு. நிலம் யாருக்குச் சொந்தம் என்பது அங்கே கேள்வியே கிடையாது. அன்றைக்குச் சுவாதீனம் யாரிடம் இருந்தது என்பது மட்டும்தான். அண்ணனிடம் கரண்ட் பில்லும் சரக்கு அனுப்பிய ரசீதும் இருந்தால், தம்பியின் பட்டாவைவிட அவைதான் இங்கே பேசும். முந்திரித் தோப்பென்றால் அடங்கல்.

இதைப் புரிந்துகொள்ளாமல், “ஆர்.டி.ஓ. ஆர்டர் வந்துடுச்சு, இடம் நமக்குத்தான்” என்று ஒரு தரப்பு கொண்டாட, இன்னொரு தரப்பு இடிந்துபோய் உட்கார்ந்துவிடுகிறது. எனக்கு இதுதான் பெரிய ஆற்றாமை. அந்த உத்தரவு உரிமையியல் நீதிமன்றத்தைக் கட்டுப்படுத்தாது என்று சாந்தி குமார் பாண்டா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003இலேயே விளக்கிவிட்டது.

உத்தரவை எதிர்த்து 90 நாளுக்குள் சீராய்வு மனு போடலாம். கடலூர் அமர்வு நீதிமன்றமா, சென்னை உயர் நீதிமன்றமா என்பதை யோசித்துத் தீர்மானியுங்கள். ஓரிடத்தில் போட்டவர் அதே மனுவோடு மற்றதற்குப் போக முடியாது. சாட்சியத்தை மறுபடி முதலிலிருந்து எடைபோடுவார்கள் என்றும் எதிர்பார்க்க வேண்டாம். நடுவர் திருப்தியடையப் போதுமான ஆதாரம் இருந்ததா என்று சீராய்வில் துருவக்கூடாது என்பது 1968இல் பூட்டானி வழக்கின் தீர்ப்பு.

பிறகு எதைப் பிடிப்பது? கோப்பின் முதல் தாளை. அமைதி குலையும் என்று நடுவர் ஏன் கருதினார் என்பதை முதல் ஆணையிலேயே காரணத்தோடு எழுதியிருக்க வேண்டும். வெறும் வார்த்தைச் சடங்காக இருந்தால் அது நல்ல பிடி. அடுத்தது தேதி. போலீஸ் அறிக்கையோ தகவலோ நடுவருக்கு வந்து சேர்ந்த நாளிலிருந்து பின்னோக்கி இரண்டு மாதத்துக்குள் ஒருவரை அடாவடியாக வெளியேற்றியிருந்தால், இடம் அவர் கையில் இருந்ததாகவே நடுவர் கொள்ளலாம். மனுவில் விழுந்த அலுவலக முத்திரை மங்கலாக இருந்தாலும் விடாதீர்கள். அந்தத் தேதி ஒரு வாரம் தள்ளிப்போனால் வழக்கே புரண்டுவிடும்.

இன்னொன்று. சுவாதீனம் பற்றி உரிமையியல் நீதிமன்றம் ஏற்கெனவே விசாரித்துக்கொண்டிருந்தால், பக்கத்திலேயே இந்த நடவடிக்கையை ஓட்டக்கூடாது. தீர்ப்புத் தொகுப்பில் 1985ஆம் ஆண்டுக்குரிய ராம் சுமேர் புரி மகந்த் வழக்கில் வந்தது அது. 2000இல் அம்ரேஷ் திவாரி வழக்கிலும் உறுதியானது. தடையுத்தரவு கையில் இருந்தும் அதைக் கோட்டாட்சியரிடம் காட்டாமல் விட்டவர்கள் உண்டு. முதல் நாளே நகலைக் கொடுத்துவிடுங்கள்.

எல்லாவற்றையும்விடக் கொடுமை ஜப்தி. சூளைக்குச் சீல் வைத்துவிட்டால் வழக்கு முடியும்வரை கூலியாட்களுக்கும் வேலை இல்லை. ஒரு தரப்பு, சரியோ தப்போ, அனுபோகத்தில் இருப்பது அறிக்கையிலேயே தெரிந்தால், அவசரம் என்று சொல்லி ஜப்தி செய்யக்கூடாது என்று அசோக் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. தீர்ப்புத் தொகுப்பில் அது 2013ஆம் ஆண்டுக்குரியது. சீல் வைக்க ஆள் வரும் முன்பே அந்தத் தீர்ப்பை உங்கள் வக்கீல் எழுத்தில் கொடுத்திருக்க வேண்டும்.

(அடுத்த வாரம்: ரிசீவர் கையில் போன இடம்)