இரண்டு கிலோ ரோஷம்

வளர்ந்த நாய்க்கு 42 பற்கள். கிரேட் டேன் ஆனாலும் ராஜபாளையம் ஆனாலும் கணக்கு இதுதான். மூன்று கிலோவைத் தாண்டாத சிவாவாவுக்கும் அதே 42 பற்கள் முளைத்தாக வேண்டும். தாடையோ நம் கட்டைவிரல் நீளம். இடம் போதாமல் பற்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொள்கின்றன, கோணுகின்றன, இடுக்குகளில் தீனி சிக்கிச் சீழ் பிடிக்கிறது. உலகின் மிகச் சிறிய நாய் இனத்தின் கஷ்டமெல்லாம் இந்த வாயிலேயே தெரிந்துவிடும். மனிதன் சுருக்கியது உடம்பை மட்டும்தான். அதற்குள் இருப்பது முழு நாய்.

ஊர் மெக்சிகோ. அந்த நாட்டின் வடக்கே, அமெரிக்காவின் டெக்சாஸ், நியூ மெக்சிகோ மாநிலங்களை ஒட்டியிருக்கும் சிவாவா, பரப்பளவில் மெக்சிகோவின் மிகப் பெரிய மாநிலம். மிகப் பெரிய மாநிலத்தின் பெயர் மிகச் சிறிய நாய்க்கு வந்தது வியாபாரத்தால்தான். 19-ம் நூற்றாண்டின் இறுதியில் எல்லைப் பக்கம் வந்த அமெரிக்கர்களிடம் உள்ளூர்க்காரர்கள் இந்தக் குட்டி நாய்களை விற்றார்கள். வாங்கியவர்கள் பகுதியின் பெயரையே நாய்க்கும் வைத்துவிட்டார்கள். 1908-ல் அமெரிக்கன் கென்னல் கிளப் இந்த இனத்தைத் தன் பதிவேட்டில் சேர்த்தது. 1952-ல் குட்டை முடி, நீள முடி என்று இரண்டு வகையாகப் பிரித்தார்கள்.

ஆனால் மெக்சிகோவில் நாயின் கதை அதற்கெல்லாம் வெகு காலத்துக்கு முந்தையது. மேற்குக் கரையோரக் கொலீமா பகுதியில் சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முந்தைய கல்லறைகளைத் தோண்டியபோது, கொழுத்த வயிறும் குட்டைக் கால்களுமாகச் சுடுமண் நாய்கள் கிடைத்தன. செத்தவருக்குத் துணைக்கு வைத்தவை. அஸ்டெக் மக்களின் நம்பிக்கையில், இறந்தவரை மறு உலகத்து ஆற்றைக் கடக்க வைப்பது நாய்தான். அதிலும் மஞ்சள் நிற நாய்தான் முதுகில் சுமந்து போகும். வெள்ளை நாயைக் கூப்பிட்டால் இப்போதுதான் குளித்தேன் என்று மறுத்துவிடுமாம். கறுப்பு நாய்க்கும் ஒரு சாக்கு உண்டு. நாய்களோடு நெருங்கிப் பழகாதவர்களுக்கு இப்படி ஒரு கதை கட்டத் தோன்றாது.

ஐரோப்பியர் வந்த பிறகு அந்தப் பழைய நாய்கள் அநேகமாக அழிந்துபோயின. 2018-ல் ‘சயின்ஸ்’ இதழில் வந்த மரபணு ஆய்வு, இன்றைய அமெரிக்க நாய்களில் பழைய பரம்பரையின் அடையாளம் ஏறக்குறைய இல்லை என்றது. சிவாவாவிடம் தாய்வழியில் ஒரு மெல்லிய இழை மட்டும் மிஞ்சியிருப்பதாக 2013-ல் வந்த மற்றோர் ஆய்வு காட்டியது. மற்றபடி இந்த நாயின் ரத்தத்தில் பெரும்பகுதி கப்பலில் வந்தது. சிறிய உடம்புக்குக் காரணமான மரபணு மாற்றமோ இதையெல்லாம்விடப் பழையது. சைபீரியாவில் 54,000 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஓர் ஓநாயிடமே அது இருந்ததை 2022-ல் கண்டுபிடித்தார்கள்.

இருபதாம் நூற்றாண்டில் சிவாவாவைப் பிடித்து ஆட்டியது சினிமாவும் விளம்பரமும். இசைக்குழுத் தலைவர் சேவியர் கூகாட் கையில் ஒரு சிவாவாவோடு மேடையேறி அமெரிக்காவுக்கு இந்த நாயைப் பழக்கினார். 1997-ல் டாகோ பெல் உணவகத்தின் தொலைக்காட்சி விளம்பரத்தில் கிட்ஜெட் என்ற சிவாவா பேசியது. 2001-ல் ‘லீகலி பிளாண்ட்’ படத்தின் நாயகி ஒன்றைத் தூக்கிக்கொண்டு சட்டக் கல்லூரிக்குப் போனாள். அமெரிக்கப் பிரபலம் பாரிஸ் ஹில்டனின் கைப்பையிலிருந்து டிங்கர்பெல் என்ற சிவாவா எட்டிப் பார்த்தது. பிறகு என்ன, ஆளாளுக்கு வாங்கினார்கள். சில ஆண்டுகளிலேயே கலிஃபோர்னியாவின் நாய்க் காப்பகங்கள் கைவிடப்பட்ட சிவாவாக்களால் நிரம்பி வழிந்தன. 2010 வாக்கில் அவற்றை விமானத்தில் ஏற்றி வேறு மாநிலங்களுக்கு அனுப்ப வேண்டியிருந்தது. கைப்பைக்குப் பொருத்தமாக இருக்கிறது என்று வாங்கிய நாய், வீட்டுக்கு வந்ததும் குரைக்கும், கடிக்கும், தரையில் சிறுநீர் கழிக்கும் என்பதை யாரும் யோசிக்கவில்லை.

இந்தக் கடிக்கு வருவோம். பென்சில்வேனியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் உட்பட ஒரு குழு 2008-ல் பல இனங்களின் உரிமையாளர்களிடம் கேட்டுத் தொகுத்தபோது, மனிதர்களிடம் சீறுவதில் முன்னணியில் நின்றவை டாக்‌ஷுண்ட், சிவாவா, ஜாக் ரஸல் ஆகியவை. ராட்வைலர் உறுமினால் வீடே பதறும். மறுநாளே பயிற்சியாளரைத் தேடும். சிவாவா உறுமினால் சிரித்துக்கொண்டே வீடியோ எடுக்கிறோம். உறுமல் என்பது நாய் தரும் முதல் எச்சரிக்கை. அதை வேடிக்கையாக்கினால் அடுத்த தடவை நேரே பல்தான். போதாததற்கு, வருகிறவர் போகிறவர் எல்லாம் கேட்காமல் தூக்குகிறார்கள். திடீரென்று ஒரு கை மேலேயிருந்து வந்து தரையைவிட்டு நம்மைப் பிடுங்கினால் நமக்கும் கோபம்தான் வரும்.

குட்டிக்கு மூன்று வாரத்திலிருந்து மூன்று மாதம் வரை உலகம் பழகும் பருவம். அப்போது பல மனிதர்கள், சத்தங்கள், சாந்தமான பெரிய நாய்கள் எல்லாவற்றையும் பார்க்கவிட வேண்டும். வளர்ந்த பிறகு தினமும் தன் காலால் நடக்கவிட வேண்டும். இந்த இனத்துக்கு ஒரே ஓர் ஆளிடம் ஒட்டிக்கொள்ளும் சுபாவம் உண்டு. அதைச் செல்லம் கொடுத்து முற்றவிட்டால், வீட்டில் மற்றவர் அந்த ஆளின் பக்கத்தில் உட்காரக்கூட முடியாது. சிறுநீர்ப்பை சிறியது என்பதால் கழிக்கப் பழக்குவதற்கும் பொறுமை வேண்டும். தூங்கி எழுந்ததும், சாப்பிட்டதும், விளையாடி முடித்ததும் வெளியே கொண்டுபோங்கள்.

உடம்பில் முதலில் பயப்பட வேண்டியது குட்டிகளின் சர்க்கரைத் தாழ்வு. ஒரு வேளை சாப்பிடாவிட்டாலே தள்ளாடும், சோர்ந்து கிடக்கும், வலிப்புகூட வரும். தேனையோ குளுக்கோஸ் கரைசலையோ விரலில் தொட்டு ஈறில் தடவிவிட்டு உடனே கால்நடை மருத்துவரிடம் ஓட வேண்டும். மயங்கிக் கிடக்கும்போது வாயில் ஊற்றவே கூடாது, மூச்சுக்குழாயில் இறங்கிவிடும். சின்னக் குட்டிக்கு ஒரு நாளைக்கு நான்கு வேளை தீனி என்பது இதனால்தான்.

வளர்ந்த பிறகு பிரச்சினை நேர் எதிர். இரண்டு கிலோ நாய்க்கு நாள் முழுவதற்கும் சுமார் 200 கலோரி போதும். மூன்று நான்கு இட்லியில் அந்தக் கணக்கு முடிந்துவிடும். தாத்தா ஒரு பிஸ்கட், பேரன் ஒரு பிஸ்கட் என்று கொடுத்தால் எங்கே போகும்? அரைக் கிலோதானே கூடியிருக்கிறது என்று நினைக்காதீர்கள். 60 கிலோ மனிதர் 75 கிலோ ஆவதற்கு அது சமம். அந்தக் கூடுதல் எடை முழுவதும் ஏற்கனவே பலவீனமான முழங்காலில்தான் இறங்கும். இந்த இனத்தில் முழங்கால் சில்லு இடம் விலகுவது சகஜம். நடந்துகொண்டே இருக்கும்போது பின்னங்காலைத் தூக்கி நாலு எட்டு நொண்டிவிட்டு, ஒன்றுமே நடக்காததுபோல ஓடினால் அதுதான் காரணம்.

கழுத்துப்பட்டையில் கயிறு கட்டி இழுக்காதீர்கள். சிறிய இனங்களில் மூச்சுக்குழாய் தளர்ந்து சப்பையாகிவிடுவதுண்டு. வாத்துக் கத்துவதுபோல் இருமினால் சந்தேகப்பட வேண்டும். மார்பைச் சுற்றி அணியும் ஹார்னஸ்தான் சரி. கட்டிலிலிருந்து குதிப்பதும் ஆபத்து. முன்னங்கால் எலும்பு ஒடிந்தால் இவற்றுக்கு எளிதில் கூடாது.

பல சிவாவாக்களுக்கு உச்சந்தலையில் எலும்பு மூடாத ஓர் இடம் இருக்கும். நம் குழந்தைகளுக்கு உச்சிக்குழி மூடிவிடுகிறது. இவற்றில் சிலவற்றுக்கு ஆயுள் முழுவதும் மூடுவதில்லை. அதனாலேயே நோய் என்று அர்த்தமில்லை, ஆனால் தலையில் அடிபடக் கூடாது. சின்னக் குழந்தைகள் உள்ள வீட்டுக்கு இந்த நாய் வேண்டாம் என்பேன். குழந்தைக்காகப் பயந்து அல்ல, நாய்க்காகப் பயந்து.

உடம்பு சிறிதாகச் சிறிதாக வெப்பம் சீக்கிரம் வெளியேறும். ஏசி அறையின் தரையில் நடுங்கும். ஒரு போர்வை போதும். நம் ஊர் வெயிலுக்கு மற்ற பல வெளிநாட்டு இனங்களைவிட இது தாங்கும் என்றாலும் மத்தியானத் தார்ச்சாலையில் நடத்த வேண்டாம். பற்களை நாய்க்கான பற்பசையால் தேய்த்துவிடுங்கள். மனிதர்களின் பற்பசை ஆகாது. ஆறேழு மாதத்திலும் பால்பல் விழாமல் நின்றால் மருத்துவர் பிடுங்கிவிடுவார். சாக்லேட், திராட்சை, வெங்காயம் எந்த நாய்க்கும் கெடுதல். இரண்டு கிலோ நாய்க்கு அதில் ஒரு வாயே அதிகம். வீட்டில் இருக்கும் காய்ச்சல், வலி மாத்திரையை உடைத்துக் கொடுக்கும் பழக்கமும் அப்படித்தான் உயிரை எடுக்கும். வீட்டைவிட்டு இறங்காத நாய்தானே என்று ரேபிஸ் தடுப்பூசியைத் தள்ளிப்போடாதீர்கள்.

இத்தனைக்கும் பிறகு, நன்றாகக் கவனித்தால் 14, 15 வயது வரை துணையிருக்கும். ஃபுளோரிடாவின் டோபிகீத் என்ற சிவாவாவை 21 வயதில், 2022-ல், அப்போது உயிரோடிருந்த நாய்களிலேயே மூத்தது என்று கின்னஸ் பதிவு செய்தது. மறு ஆண்டு அதே கின்னஸ் 9.14 சென்டிமீட்டர் உயரமுள்ள பேர்ல் என்ற சிவாவாவை அப்போது உயிரோடிருந்த நாய்களிலேயே மிகக் குள்ளமானது என்றது. விளம்பரக்காரர்கள் எடுத்துக்கொண்டது இரண்டாவது சாதனையைத்தான்.

‘டீகப் சிவாவா’ என்று ஒன்றை அதிக விலைக்கு விற்கிறார்கள். எந்தக் கென்னல் கிளப் பதிவேட்டிலும் அப்படி ஒரு வகை கிடையாது. நோஞ்சான் குட்டியையும் நோஞ்சான் குட்டியையும் சேர்த்து மேலும் நோஞ்சானாக்குவது, அல்லது வயது வராத குட்டியைத் தாயிடமிருந்து பிரித்துச் சிறியதாகக் காட்டுவது, இதுதான் அந்த வியாபாரம். சர்க்கரைத் தாழ்வு, எலும்பு முறிவு என்று மேலே சொன்னவையும், தலையில் நீர் கோர்ப்பதும் இவற்றில் இன்னும் அதிகம். தாய்க்கும் நிம்மதியில்லை. குட்டிகளின் தலை பெரியது, தாயின் இடுப்பு குறுகல் என்பதால் இந்த இனத்தில் சிசேரியன் பிரசவம் அடிக்கடி நடக்கிறது. தாய் இன்னும் சிறியதாக இருந்தால் பிரசவமே உயிர்ப் பணயம்.

வாங்குவதாக இருந்தால் குட்டியோடு தாயையும் காட்டச் சொல்லுங்கள். இரண்டு கிலோவுக்கு மேல், எலும்பு தெரியாமல், நிமிர்ந்து நடக்கிற தாய் என்றால் பேச்சைத் தொடரலாம். எட்டு வாரம் ஆகாத குட்டியை விற்கக் கூடாது என்பது 2017-ல் மத்திய அரசு கொண்டுவந்த விதி. தடுப்பூசி அட்டையில் தேதியைப் பாருங்கள். வளர்ந்தாலும் ஒரு கிலோவைத் தாண்டாது என்று யாராவது உறுதி கொடுத்தால், முன்பணம் கொடுக்காமல் திரும்பி வந்துவிடுங்கள்.