நாற்காலி போனால் நாடியும் தளரணுமா?

ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலைச் சுற்றியுள்ள ரத வீதிகளில் விடியற்காலை ஒரு நடை போய்ப் பாருங்கள். தலையில் மப்ளர், கையில் பால் தூக்கு, காலில் ரப்பர் செருப்பு... ரிட்டயர் ஆன வாத்தியார்களும் பேங்க் மேனேஜர்களும் எதிரே வருவார்கள். "என்ன சார், எப்படி இருக்கீங்க?" என்று கேளுங்கள். "ஏதோ ஓடுது" என்பார் ஒருவர். "நிற்க நேரமில்லை சார்!" என்பார் இன்னொருவர்.

இரண்டு பேருக்கும் ஒரே வயது. கிட்டத்தட்ட ஒரே பென்ஷன். அப்புறம் ஏன் இந்த வித்தியாசம்?

இதற்குப் பதில் தேட, பெரிய பெரிய நாற்காலிகளை இழந்த சிலரின் வாழ்க்கையைக் கொஞ்சம் புரட்டலாமா? ஒருவர் நம்ம ராஜபாளையத்துக்காரர். இன்னொருவர் விருதுநகர்க்காரர். மற்றவர்கள் அமெரிக்க ஜனாதிபதிகள்!

சொந்த மண்ணில் தோல்வி

ராஜபாளையம் பி.எஸ். குமாரசாமி ராஜா 1898-ல் பிறந்தவர். சிறு வயதிலேயே பெற்றோரைப் பறிகொடுத்தவர். காங்கிரஸில் படிப்படியாக உயர்ந்தார். 1949 ஏப்ரலில் ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் விலகியதும் சென்னை மாகாணத்தின் பிரதமர் ஆனார். (அப்போது முதலமைச்சருக்கு அதுதான் பெயர்!) 1950 ஜனவரி 26-ல் நாடு குடியரசானதும் அதே நாற்காலி 'முதலமைச்சர்' நாற்காலி ஆயிற்று. தமிழ்நாடு மட்டுமா? ஆந்திரப் பகுதி, மலபார் எல்லாம் அவர் பொறுப்பில்தான்.

மழை பொய்த்த காலம் அது. அரிசித் தட்டுப்பாடு, ரேஷன், ஜனங்களின் கோபம். 1952 தேர்தலில் 375 இடங்களில் காங்கிரஸுக்குக் கிடைத்தது 152 மட்டுமே. பல மந்திரிகள் தோற்றார்கள். ஸ்ரீவில்லிபுத்தூரில் நின்ற முதலமைச்சரே தோற்றுப் போனார்!

ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். தெரியாத ஊரில் தோற்றால் துடைத்துவிட்டுப் போகலாம். தினமும் முகத்தில் முழிக்கிற ஜனங்கள் மத்தியில் தோற்றால்? அவருக்கு அப்போது வயது 53. கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தால்கூட யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

அவர் அப்படி உட்காரவில்லை. 1954-ல் ஒரிஸ்ஸாவின் கவர்னர் பொறுப்பு வந்தது. பாஷை தெரியாத ஊர். போனார், 1956 வரை இருந்தார். தான் வாழ்ந்த வீட்டையே ஊருக்கென்று கொடுத்துவிட்டார். அதுதான் ராஜபாளையத்தில் உள்ள காந்தி கலை மன்றம். 1957-ல் அவர் காலமானார். தோல்விக்குப் பிறகு அவருக்குக் கிடைத்தது ஐந்தே வருடம்தான். அதை அவர் புலம்பிக் கழிக்கவில்லை.

அதே பழைய ராமநாதபுரம் மாவட்டத்துக்காரர் காமராஜரை எடுத்துக்கொள்ளுங்கள். 1963-ல் முதலமைச்சர் நாற்காலியைத் தானாகவே விட்டு எழுந்தார். 1967-ல் சொந்த ஊரான விருதுநகரிலேயே ஓர் இளம் மாணவர் தலைவரிடம் தோற்றார். அப்போது வயது 63. இரண்டே வருடத்தில், 1969-ல், நாகர்கோவில் இடைத்தேர்தலில் நின்று ஜெயித்துப் பார்லிமென்டுக்குப் போனார்.

தூங்கி விழுந்த ஜனாதிபதி

இப்போது கடல் தாண்டிப் போவோம். 1909-ல் அமெரிக்க ஜனாதிபதியான வில்லியம் டாஃப்ட் சுமார் 150 கிலோ எடை. முக்கியமான கூட்டங்களிலேயே தூங்கி விழுவார். தூக்கத்தில் மூச்சு தடைப்படும் 'ஸ்லீப் ஆப்னியா' அவருக்கு இருந்திருக்கலாம் என்று இன்றைய டாக்டர்கள் கருதுகிறார்கள். (உங்கள் வீட்டில் யாராவது இரவெல்லாம் பலமாகக் குறட்டை விட்டு, பகலில் சாய்ந்த இடத்திலேயே தூங்குகிறார்களா? சிரிக்காதீர்கள், டாக்டரிடம் அழைத்துப் போங்கள்!)

1912 தேர்தலில் டாஃப்டுக்கு மூன்றாம் இடம்தான். அவமானமான தோல்வி. மனிதர் என்ன செய்தார் தெரியுமா? காலேஜில் சட்டம் சொல்லிக்கொடுக்கப் போனார். சாப்பாட்டைக் குறைத்து, 30 கிலோவுக்கு மேல் இளைத்தார். 1921-ல் அமெரிக்காவின் தலைமை நீதிபதி ஆனார். ஜனாதிபதி, தலைமை நீதிபதி இரண்டு பதவியும் வகித்தவர் இன்றுவரை அவர் ஒருவர்தான்.

ஹாரி ட்ரூமன் 1953 ஜனவரியில் பதவி முடிந்ததும் ரயிலேறிச் சொந்த ஊர் போய்ச் சேர்ந்தார். அப்போது முன்னாள் ஜனாதிபதிகளுக்குப் பென்ஷன்கூடக் கிடையாது. அந்தச் சட்டம் வந்ததே 1958-ல்தான். தினமும் காலையில் நிமிடத்துக்கு 120 எட்டு வைத்து, பட்டாள நடை நடப்பார். 88 வயது வரை வாழ்ந்தார்.

ஜிம்மி கார்ட்டர் 1980-ல் தோற்றபோது வயது 56. பிறகு அவர் கையில் எடுத்த வேலைகளில் ஒன்று, நரம்புச் சிலந்தி நோயை ஒழிப்பது. குடிதண்ணீர் வழியாக உடம்புக்குள் போய், காலைப் பொத்துக்கொண்டு முழ நீளத்துக்கு வெளியே வருமே... அந்தப் புழுதான்! 1986-ல் உலகத்தில் சுமார் 35 லட்சம் பேருக்கு இருந்தது. சமீப வருடங்களில் ஆண்டுக்கு இருபது பேருக்கும் குறைவு. இந்தியா 2000-லேயே இந்த நோயிலிருந்து விடுபட்டது. கார்ட்டர் நூறு வயதைத் தொட்டு, 2024 டிசம்பரில் காலமானார்.

திரும்பி வந்த சிகரெட்

எல்லோரும் இப்படி இல்லை. லிண்டன் ஜான்சன் கதையைக் கேளுங்கள். தினமும் மூன்று பாக்கெட் சிகரெட் ஊதியவர். 1955-ல், 46 வயதில், கடுமையான மாரடைப்பு. பயந்துபோய் சிகரெட்டை விட்டார். ஜனாதிபதி வேலையின் அத்தனை நெருக்கடியிலும் தாக்குப் பிடித்தார். 1969 ஜனவரியில் பதவி முடிந்தது. 'இனிமே எனக்கென்ன?' என்பதுபோல மறுபடி சிகரெட்டைப் பற்றவைத்தார். சாப்பாட்டுக் கட்டுப்பாடும் போயிற்று, எடையும் ஏறிற்று. நான்கே வருடம்... 1973 ஜனவரியில், 64 வயதில், மாரடைப்பில் இறந்தார்.

ஒருவர் பதவி போனதும் உடம்பைத் திருத்திக்கொண்டார். இன்னொருவர் பதவி போனதும் உடம்பைக் கைவிட்டார். ரிட்டயர்மென்ட் நோயல்ல. 'இனி எதற்காக எழுந்திருக்கணும்?' என்ற கேள்விக்குப் பதில் இல்லாமல் போவதுதான் ஆபத்து.

உங்கள் வீட்டு 'முன்னாள்' எப்படி இருக்கிறார்?

ஆபீஸில் பத்துப் பேர் 'சார், சார்' என்று சுற்றி நின்ற மனிதர். இப்போது கரண்ட் பில் கட்டவும், பேரனை ஸ்கூலில் விடவும் மட்டும்தான் கூப்பிடுகிறோம். "சும்மாதானே இருக்கீங்க" என்று ஒரு வார்த்தை... அது எங்கே போய்க் குத்தும் என்று நமக்குத் தெரிவதில்லை. இந்த அடையாளங்களைக் கவனியுங்கள்:

* இரண்டு வாரத்துக்கு மேல் சரியான தூக்கமோ பசியோ இல்லாமை.

* பிடித்த பேப்பர், பாட்டு, அரட்டை எதிலும் நாட்டமில்லாமை.

* தொட்டதற்கெல்லாம் எரிச்சல், அல்லது காரணமில்லாத அழுகை.

* "நான் இருந்து என்ன பிரயோஜனம்?" என்ற பேச்சு. இதைக் கேட்டால் ஒரு நாள்கூடத் தள்ளிப்போடாதீர்கள்.

இதெல்லாம் 'வயசானா அப்படித்தான்' என்று விட வேண்டிய விஷயமல்ல. மனச்சோர்வு ஒரு நோய், குணப்படுத்தக்கூடிய நோய். தைராய்டு கோளாறும், பி12 வைட்டமின் குறைவும்கூட இப்படித் தெரியலாம். டாக்டரிடம் போனால்தான் எது என்று புரியும்.

இன்றே செய்யலாம்

* எழுந்திருக்கும் நேரத்தை மாற்றாதீர்கள். ஆபீஸ் இருந்தபோது எப்படியோ, அப்படியே.

* தினமும் அரை மணி நேரம் வேகமான நடை. இதய நோய் உள்ளவர்கள் டாக்டரைக் கேட்டுவிட்டுத் தொடங்கலாம்.

* ரத்தக்கொதிப்பு, சர்க்கரை பரிசோதனையைத் தள்ளிப்போடாதீர்கள். மாத்திரையை நீங்களாக நிறுத்தவும் வேண்டாம். சர்க்கரை உள்ளவர்கள் ஊர்ப் பால்கோவாவை ஆசைக்கு ஒரு ஸ்பூனோடு நிறுத்துங்கள்!

* விட்ட சிகரெட்டையும் பொடியையும் திரும்பத் தொடாதீர்கள். ஜான்சனை நினைத்துக்கொள்ளுங்கள்.

* உங்களை எதிர்பார்த்து யாராவது காத்திருக்கும்படி ஒரு வேலை வைத்துக்கொள்ளுங்கள். பக்கத்து வீட்டுப் பிள்ளைக்குக் கணக்கு சொல்லிக்கொடுப்பதுகூடப் போதும்.

* வீட்டுக்கார அம்மாளுக்கு ரிட்டயர்மென்ட்டே கிடையாது என்பதை மறந்துவிடாதீர்கள். காய் நறுக்குவதும் நல்ல வேலைதான்!

அடுத்த முறை ராஜபாளையம் பக்கம் போனால், காந்தி கலை மன்றத்தை ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள், உங்கள் அப்பாவையும் அழைத்துக்கொண்டு. முதலமைச்சர் நாற்காலி அவரிடம் மூன்று வருடம்தான் இருந்தது. ஊருக்குக் கொடுத்த வீடு இன்றைக்கும் அவர் பெயரைச் சொல்லிக்கொண்டிருக்கிறது.