ஆணித் தலை எங்கே நிக்கணும்?

ஊர்ப் பேரிலேயே தச்சன் இருக்கான். ஆனாலும் போன ஆடிக் காத்துல எங்க தச்சநல்லூர் வீட்டு மாடியில வெளிச்சுவர்ப் பலகை ரெண்டு பேந்து தொங்கிச்சு. மரப்பலகை இல்லை, மரம் மாதிரி வரி போட்ட ஃபைபர் சிமெண்ட் பலகை, 8 மி.மீ. கனம். ஏறிப் பார்த்தா ஆணிகள் எல்லாம் மரச்சட்டத்தில் அப்படியே நிக்குது. பலகை மட்டும் ஆணியை விட்டுக் கழன்று வந்திருக்கு. அதைப் பார்த்த பிறகுதான் இந்த விஷயத்தைத் தேடிப் படிச்சேன்.

அடிச்ச அண்ணாச்சி நல்ல வேலைக்காரர். பிளைவுட்டுக்கு வச்சிருக்கிற அதே கம்ப்ரசர், அதே நெயில் கன், அதே மெல்லிய ஆணி. தப்பு அங்கேதான்.

பிளைவுட்டில் மரநார் குறுக்கும் நெடுக்குமா இருக்கும். ஆணியின் உடம்பையே அது கவ்விக்கொள்ளும். இந்தப் பலகை சிமெண்ட், பொடிமணல், மரக்கூழ் நார் சேர்ந்தது. நசுங்கின இடம் திரும்ப இறுகாது, பொடிஞ்சு போகும். காற்று சுவரை ஒட்டி ஓடும்போது பலகையை வெளியே உறிஞ்சி இழுக்கும். அப்போ பலகையைப் பிடிச்சு நிறுத்துறது ஆணியின் தலையும், அந்தத் தலைக்கு அடியில் மிச்சமிருக்கிற சிமெண்டும் மட்டும்தான். 8 மி.மீ. பலகையில் தலை 3 மி.மீ. உள்ளே போனால் மிச்சம் 5. தலையே இல்லாத மாதிரி சின்ன ஆணின்னா பிடிக்க ஒண்ணுமே இல்லை.

மரச்சட்டத்தில் வீடு கட்டும் அமெரிக்காவில் இதற்கென்றே முறை வச்சிருக்காங்க. அகலத் தலை உள்ள, துத்தநாகம் பூசின ஆணி. தலை பலகையின் முகத்தோடு சமமா உட்காரணும். ஓரத்திலிருந்து 10 மி.மீ., மூலையிலிருந்து 50 மி.மீ.யாவது தள்ளி அடிக்கணும். ஆழமா இறங்கிட்டா அந்தக் குழியைப் பூசி அடைச்சு, பக்கத்தில் இன்னொரு ஆணி. நம்ம ஊரில் பெரும்பாலும் இரும்புச் சட்டம். அதுக்கு ஆணி வேண்டாம், ஸ்க்ரூதான்.

யோசிச்சா இது நமக்குத் தெரியாத பாடம் இல்லை. கூரைக்குச் சிமெண்ட் அட்டை போடுறவங்க ஜே போல்ட்டைத் தார் வாஷர் வச்சுத்தான் முடுக்குவாங்க. ரொம்ப இறுக்கினா அட்டை கீறிடும்னு அவங்களுக்குத் தெரியும்.

திரும்ப அடிக்க அதே அண்ணாச்சியைத்தான் கூப்பிட்டேன்.

“பிரஷரைக் குறைச்சுக்கிடுவோமா அண்ணாச்சி?”

“குறைச்சா ஆணி பாதியில நிக்குமே தம்பி.”

“நிக்கட்டும். மிச்சத்தைச் சுத்தியலால தட்டிக்கிடலாம்.”

முதலில் ஒரு துண்டுப் பலகையில் அடிச்சுப் பார்த்தார். தலை ஒரு நூல் வெளியே நின்னுச்சு. சுத்தியலால் ரெண்டு தட்டு. கட்டைவிரலால் தடவினார், இடறலை.

இன்னொண்ணு: பலகையை அறுக்கும்போது வர்ற தூசியில் சிலிக்கா இருக்கு, நுரையீரலுக்கு ஆகாது. வெளியே வச்சு அறுங்க, நல்ல மாஸ்க் போடச் சொல்லுங்க. அண்ணாச்சி முதல்ல துண்டைத்தான் கட்டிக்கிட்டார். துண்டு போதாதுன்னு மாஸ்க் வாங்கிக் கொடுத்தேன்.